செத்தவரின் வறுமை யாருக்குச் சேரும்?

ஏழை என்று எழுதிக் கொடுத்து வழக்குப் போட்ட ஒருவர் அந்த வழக்கு முடியுமுன்னே செத்துப்போனால், அவருடைய பெண்டாட்டி பிள்ளைகள் அந்த ஏழ்மையை வைத்துக்கொண்டு வழக்கைத் தொடர முடியாது. செத்தவரின் வறுமை செத்தவரோடு போயிற்று, நீங்களும் ஏழைகள்தானா என்பதைத் தனியாக நிரூபியுங்கள், முடியாவிட்டால் கோர்ட் கட்டணத்தைக் கொண்டுவந்து கட்டுங்கள் என்கிறது நீதிமன்றம். நூறாண்டுக்கும் மேலாக நம்முடைய உயர்நீதிமன்றங்கள் இதைத்தான் திரும்பத் திரும்பச் சொல்லி வந்திருக்கின்றன. ஏழையாக வழக்காடும் அனுமதி என்பது ஆளோடு ஒட்டிய சலுகையாம். ஆள் போனால் சலுகையும் போச்சாம்.

நான் கேட்கிறேன்: எங்கள் வறுமை எந்தக் காலத்தில் ஒற்றை ஆளின் சமாச்சாரமாக இருந்தது? கொங்குச் சீமையில் பண்ணயத்துக்கு இருந்த அருந்ததியர் வீட்டில் அப்பன் வாங்கிய கடனுக்கு மகன் போய் நின்றான். மகனுக்கு முடியாமல் போனால் பேரன் நின்றான். 'பண்ணாடி' என்று கூப்பிட்ட வாயும் அந்த வாய்க்குள் இருந்த பசியும் தலைமுறை தலைமுறையாகக் கைமாறி வந்தவை. "உங்கப்பன் கடன் உங்கப்பனோட போச்சு, நீ போடா தம்பி" என்று அப்போது யாரும் வந்து சொன்னதில்லை. கடனுக்கு வாரிசு இருந்தது. உரிமைக்கு மட்டும் எப்படி வாரிசு இல்லாமல் போகும்?

ஆத்திரத்தில் கேட்கிற கேள்வி மட்டுமில்லை இது. சட்டப் புத்தகத்தையே விரித்து வைத்துக்கொண்டு கேட்கலாம். 1976-ல் கொத்தடிமை முறை ஒழிப்புச் சட்டம் பாராளுமன்றத்தில் நிறைவேறியது. யார் கொத்தடிமை என்று அதில் விளக்கம் கொடுத்திருக்கிறார்கள். முன்னோர் வாங்கிய கடனுக்காக உழைக்க வைக்கப்படுகிறவர், வாரிசு முறையில் வந்து சேர்ந்த கடமைக்காக உழைக்க வைக்கப்படுகிறவர், ஒரு குறிப்பிட்ட சாதியில் பிறந்த காரணத்துக்காகவே உழைக்க வைக்கப்படுகிறவர், எல்லாரும் அதில் வருகிறார்கள். அதே 1976-ல் அதே பாராளுமன்றம் சிவில் நடைமுறைச் சட்டத்தையும் திருத்தியது. ஏழைகள் வழக்குப் போடுவதைப் பற்றிய ஆர்டர் 33-ல் 'பாப்பர்' என்று இருந்த சொல்லை எடுத்துவிட்டு, 'வறியவர்' என்று பொருள்படும் கவுரவமான சொல்லைப் போட்டார்கள். ஆனால் வறியவர் செத்தால் அவர் பிள்ளையையும் வறியவராகவே எடுத்துக்கொள் என்று ஒரு வரி சேர்க்க மனசு வரவில்லை. இல்லாமையும் கடனும் பிறப்பினாலும் சாதியினாலும் இறங்கி வரும் என்று ஒரு சட்டத்தில் ஒப்புக்கொண்ட அதே சபைதான், இன்னொரு சட்டத்தில் அதை மறந்துபோனது.

மாணவத் தோழர்களுக்காக இந்த ஆர்டர் 33 எப்படி வேலை செய்கிறது என்று சொல்லிவிடுகிறேன். சிவில் வழக்குப் போட வேண்டுமானால் கேட்கிற தொகைக்கோ சொத்தின் மதிப்புக்கோ தக்கபடி கட்டணம் கட்ட வேண்டும். தமிழ்நாட்டில் 1955-ஆம் வருசத்துக் கோர்ட் கட்டணச் சட்டப்படி அது நெடுங்காலம் நூற்றுக்கு ஏழரை ரூபாயாக இருந்தது. ஏழரை நாட்டுச் சனிகூட ஏழரை வருசத்தில் போய்விடும் என்கிறார்கள். இந்த ஏழரை 2017 வரைக்கும் போகவில்லை. அந்த வருசம்தான் நூற்றுக்கு மூன்றாகக் குறைத்தார்கள். இருபது லட்சம் மதிப்புள்ள இடத்துக்கு ஒன்றரை லட்சம் கட்ட வேண்டியிருந்தது அறுபதாயிரம் ஆயிற்று. குறைந்ததுதான். ஆனால் அறுபதாயிரத்தை ஒன்றாகச் சேர்த்துப் பார்த்தேயிராத வீட்டுக்கு ரெண்டும் ஒண்ணுதான்.

கட்ட முடியாதவர் தன்னிடம் உள்ள சொத்துபத்து அத்தனையையும் மதிப்புப் போட்டுப் பட்டியல் எழுதி மனுவோடு சேர்த்து, கோர்ட் விலக்குக் கொடுத்தால் ஒழிய, தானே நேரில் போய்க் கொடுக்க வேண்டும். எதிராளிக்கும் அரசு வக்கீலுக்கும் நோட்டீஸ் போகும். இவர் ஏழை இல்லை என்று அவர்கள் வாதாடலாம். விசாரணை முடிந்து அனுமதி கிடைத்தால்தான் வழக்குக்கு நம்பர் விழும். வாதி ஜெயித்தால் அந்தக் கட்டணத்தை அரசாங்கம் வசூலித்துக்கொள்ளும். ஜெயித்த சொத்தின் மேல் முதல் பாத்தியதை அரசாங்கத்துக்கு. தோற்றால் வாதியே கட்ட வேண்டும். ஆக, இலவசம் என்று இதில் எதுவும் இல்லை. கட்டணத்தைத் தள்ளி வைக்கிறார்கள், அவ்வளவுதான். அந்தத் தள்ளிவைப்புக்கு இத்தனை அவமானம்.

வாதி செத்து, வாரிசுகள் காலத்தில் வந்து சேராமல் வழக்கு அற்றுப்போனால் என்ன ஆகும்? 11ஏ விதி சொல்கிறது: செத்தவர் கட்டாமல் விட்ட கட்டணத்தை அவர் விட்டுப்போன சொத்திலிருந்து அரசாங்கம் வசூலிக்கும். நிலவரி பாக்கியை வசூலிக்கிற மாதிரியே வசூலிக்கலாம் என்கிறது 14-ஆம் விதி. வழக்கு விசாரிக்கப்படவில்லை, தீர்ப்பு வரவில்லை, நியாயம் யார் பக்கம் என்று யாரும் பார்க்கவில்லை. ஆனால் பில் வந்துவிடும். அந்தப் பில்லுக்கு மட்டும் செத்தவர் சாகவில்லை.

நான் வங்கியில் குமாஸ்தா. வாரிசு என்ற சொல்லைத் தினமும் கேட்கிறவன். கடன் வாங்கினவர் செத்துட்டார்னு தகவல் வந்தால் வாரிசு யாரென்று வங்கி தேடிக்கொண்டு போகும். சேமிப்பு வைத்திருந்தவர் செத்தால் வாரிசுதான் இறப்புச் சான்றும் வாரிசுச் சான்றும் எடுத்துக்கொண்டு வங்கியைத் தேடி வர வேண்டும். கொடுக்க வேண்டியதற்கு ஒரு நடை, வாங்க வேண்டியதற்கு ஒரு நடை. வங்கியிலாவது அதை வியாபாரம் என்று சொல்லிக்கொள்கிறார்கள். கோர்ட்டில் அதற்குப் பெயர் நீதி.

இன்னும் ஒன்று இருக்கிறது. 1925-ஆம் வருசத்து இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் 306-ஆம் பிரிவு, ஒருவர் செத்த பிறகும் அவருடைய வழக்குகள் உயிரோடிருக்கும் என்று பொதுவாகச் சொல்லிவிட்டுச் சிலவற்றை மட்டும் விலக்குகிறது. அவதூறு, அடிதடி, சாவுக்குக் காரணமாகாத உடல் காயங்கள். இவற்றுக்காக நட்டஈடு கேட்டுப் போட்ட வழக்கு ஆளோடு செத்துப்போகும். அவதூறு வழக்குப் போட்டவர் டிக்ரி வாங்காமலே செத்தால் வாரிசுகள் அதைத் தொடர முடியாது என்று உச்சநீதிமன்றமும் உறுதிப்படுத்தியது. பட்டியலைப் பாருங்கள். சேரிக்காரனுக்கு ஊர்க்காரன் இதுவரை செய்துவந்தது என்ன? வாய்க்கு வந்தபடி பேசுவது, அடிப்பது, கையைக் காலை உடைப்பது. எங்களுக்கு நடக்கிறதெல்லாம் எதுவோ அதெல்லாம் ஆளோடு சாகிற பட்டியலில் இருக்கிறது. வன்கொடுமை என்று புகார் கொடுத்து அது கிரிமினல் வழக்கானால் புகார் கொடுத்தவர் செத்தாலும் அரசாங்கம் நடத்தித்தான் ஆகணும். ஆனால் பட்ட அவமானத்துக்கு விலை கேட்டுச் சிவில் கோர்ட் படியேறினால், மானத்துக்கு வாரிசு கிடையாது.

இதெல்லாம் ஏட்டுச் சமாச்சாரம் என்று நினைக்கிற தோழர்களுக்கு எங்கள் வீட்டுக் கதையைச் சொல்கிறேன். சாமளாபுரம் நொய்யல் கரையில் இருக்கிற ஊர். ஒரு பக்கம் சோமனூர் விசைத்தறி, இன்னொரு பக்கம் திருப்பூர் பனியன். என் சித்தப்பா கூலிக்குத் தறி ஓட்டியவர். நத்தத்தில் தாத்தா காலத்திலிருந்து எங்கள் அனுபவத்தில் இருந்த நாலு சென்ட் இடம் ரோடு அகலமானதும் கண்ணில் படுகிற இடமாயிற்று. ஒருநாள் காலையில் பார்த்தால் கல் நட்டுக் கம்பி கட்டியிருந்தது. கேட்கப் போனவருக்குப் "பேப்பர் இருந்தாக் காட்டு" என்று பதில். பேப்பரும் இருந்தது. அதைக் கோர்ட்டில் காட்டப் பணம்தான் இல்லை.

பக்கத்திலிருக்கிற ஒரு கோர்ட்டில் பாப்பர் ஓ.பி. போட்டார். (சட்டத்தில் பெயரை மாற்றி அரை நூற்றாண்டு ஆகப்போகிறது, கோர்ட் வராந்தாவில் இன்னும் அது பாப்பர்தான்.) ஒரு சைக்கிள், ஒரு கட்டில், பாத்திரம் பண்டம் என்று பட்டியல் எழுதிக் கொடுத்தார். வாய்தாவுக்கு வாய்தா ஒரு ஷிப்ட் கூலி போயிற்று. எதிராளி வரமாட்டார், வந்தால் வக்கீல் வரமாட்டார், ரெண்டு பேரும் வந்தால் அரசு வக்கீலுக்கு ரிப்போர்ட் வந்திருக்காது. நான்காவது வருசம், இவர் ஏழையா இல்லையா என்பதற்கே விடை வராமல், நெஞ்சுவலியில் போய்ச் சேர்ந்தார்.

வக்கீல் கையை விரித்துவிட்டார். "பாப்பர் போட்டவரே போயிட்டாரு, இனி அதுல என்னங்க இருக்குது?" என்றார். வேறொரு வக்கீல், இயக்கத்துக்காரர், வாரிசுகளைச் சேர்க்கச் சொல்லி எண்பத்தோராவது நாள் மனுப் போட்டார். சித்தியும் ரெண்டு தங்கச்சிகளும் வாதிகள். எதிர்மனு வந்தது. மூத்தவள் பனியன் கம்பெனியில் ஓவர்லாக் மிஷின் ஓட்டுகிறாள், பி.எஃப். பிடிக்கிறார்கள், ஆகவே ஏழை இல்லை. இளையவள் செக்கிங்கில் இருக்கிறாள், தவணையில் ஸ்கூட்டர் வாங்கியிருக்கிறாள், ஆகவே ஏழை இல்லை. செத்தவரின் அண்ணன் மகன் வங்கியில் வேலை பார்க்கிறான், ஆகவே குடும்பமே ஏழை இல்லை. சித்தி என்னைக் கேட்டாள்: "ஏஞ்சாமி, அவரு இல்லாதப்பட்டவரா செத்ததுக்கு இன்னொருக்கா அத்தாட்சி வேணுமாக்கும்?" என்னிடம் பதில் இல்லை. அந்த மனு இன்னும் நிலுவையில் இருக்கிறது. கம்பி வேலியும் இருக்கிறது.

அந்த நாலு சென்ட்டுக்கு நான் வாரிசு இல்லை. என் சம்பளத்தில் அவர்களுக்குச் சட்டப்படி பங்கும் இல்லை. பிறகு எதற்கு என் பெயர் அந்த எதிர்மனுவில் வந்தது? சும்மா வரவில்லை. ஒருவர் வறியவரா என்று பார்க்கும்போது அவருடைய வேலை, வருமானம், விற்கக்கூடிய சொத்து, கடன் இவற்றோடு குடும்பத்தாரும் நெருங்கிய நண்பர்களும் கொடுக்கும் பண உதவியையும் கணக்கில் எடுக்கலாம் என்று 2011-ல் உச்சநீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இந்த நியாயத்தை உரசிப் பாருங்கள். அப்பனின் வறுமை மகளுக்கு வராது, ஏனென்றால் அது தனிநபர் விசயம். ஆனால் அண்ணனின் சம்பளம் தங்கச்சி கணக்கில் வரும், ஏனென்றால் அது குடும்ப விசயம். சேரியில் முதல் தலைமுறையாக ஒருத்தன் மாசச் சம்பளம் வாங்கினால் அவனை வைத்து வளவு முழுக்கப் பணக்காரர் ஆக்கிவிடலாம் போலிருக்கிறது.

இதே ஆர்டர் 33-ல் யாரெல்லாம் ஏழையாக முடியும் தெரியுமா? கம்பெனி ஏழையாக முடியும். 'நபர்' என்ற சொல்லில் கம்பெனியும் அடக்கம், அதுவும் வறியவராக வழக்குப் போடலாம் என்று 2001-ல் உச்சநீதிமன்றம் தீர்ப்புச் சொன்னது. வழக்கின் ஒரு பக்கம் யூனியன் வங்கி, மறுபக்கம் ஒரு கட்டுமானக் கம்பெனி. தீர்ப்பில் தப்பிருக்கிறது என்று நான் சொல்லவில்லை. மஞ்சக் கடுதாசி கொடுத்துவிட்டு மறுநாளே வேறு பெயரில் போர்டு மாட்டுகிறவர்களைப் பார்த்துப் பழகிய ஊர் எங்களுடையது. கம்பெனி எப்படி ஏழையாகும் என்று எங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டாம். நான் சொல்வது வேறு. கம்பெனிக்குச் சாவு கிடையாது. முதலாளி செத்தாலும் பங்குதாரர் மாறினாலும் கம்பெனி அதே கம்பெனி. அதற்கு ஒருமுறை கிடைத்த ஏழைப் பட்டம் எந்த மனிதனின் சாவிலும் போகாது. சாகிற சதையும் ரத்தமும் உள்ள ஏழைக்குத்தான் இந்தச் சிக்கல்.

கட்டணமே இல்லையென்றால் ஆளாளுக்குப் பொய் வழக்குப் போட்டுக் குவித்துவிடுவார்கள் என்று ஒரு வாதம் உண்டு. இது புதுசு இல்லை, கும்பனி காலத்து வாதம். வங்காளத்தில் 1793-ல் கார்ன்வாலிஸ் எடுத்துவிட்ட கட்டணத்தை 1795-ல் மறுபடி போட்டபோது ஆதாரமில்லாத வழக்குகளைத் தடுக்க என்றுதான் காரணம் சொன்னார்கள். கட்டணம் பொய் வழக்கைத் தடுப்பது போலவே நியாயமான வழக்கையும் தடுக்குமே என்று பின்னால் மெக்காலே அதைக் கிழித்துப் போட்டார். 1958-ல் செடல்வாட் தலைமையில் வந்த சட்ட ஆணைய அறிக்கையும் நீதிக்குக் கட்டணம் வாங்கி அரசாங்கம் லாபம் பார்ப்பதைக் கண்டித்தது. இங்கிலாந்திலேயே ஏழாம் ஹென்றி காலத்தில், 1495-ல், ஏழைகள் கட்டணமில்லாமல் வழக்காடச் சட்டம் வந்துவிட்டது. பொய்யனுக்குப் பணமிருந்தால் கட்டணம் ஒரு தடையே இல்லை. எங்கள் இடத்தில் கல் நட்டவருக்குக் கட்டணம் எந்தத் தடையும் போடவில்லை.

பணமும் அதிகாரமும் இருந்தால் வழக்கு எப்படித் தலைமுறை தாண்டும் என்பதற்குத் தமிழ்நாட்டிலேயே சாட்சி இருக்கிறது. 1897 மே மாதம் கமுதி மீனாட்சி சுந்தரேசுவரர் கோயிலுக்குள் நாடார்கள் நுழைந்தார்கள். தீட்டாகிவிட்டது என்று 1898-ல் ராமநாதபுரம் ராஜா பாஸ்கர சேதுபதி மதுரை சப்-கோர்ட்டில் வழக்குப் போட்டார். 1903-ல் அவர் இறந்துபோனார். வழக்கு இறக்கவில்லை. லண்டனில் பிரிவி கவுன்சில் 1908-ல் நாடார்களின் அப்பீலைத் தள்ளியபோது எதிர்த்தரப்பில் இருந்த பெயர் மகன் ராஜ ராஜேஸ்வர சேதுபதியுடையது. உள்ளே வராதே என்று சொல்லும் உரிமை அப்பனிடமிருந்து மகனுக்குச் சுளுவாக இறங்கிற்று. "உன் அப்பாவின் பணக்காரத்தனம் அவரோடு போயிற்று, நீயும் பணக்காரன்தானா என்று நிரூபி" என்று எந்த நீதிபதியும் அந்த மகனைக் கேட்கவில்லை. விலக்கி வைக்கிறவனின் வழக்குக்கு வம்சம் உண்டு. விலக்கப்பட்டவனின் வழக்குதான் ஆயுளோடு முடிகிறது.

நம் பக்கத்திலும் ஒரு கோளாறு இருக்கிறது, அதையும் பேசிவிடுவோம். 'கோர்ட் ஆதிக்கச் சாதிகளின் கருவி, அங்கே போய் மனுப் போட்டுக்கொண்டிருப்பது சீர்திருத்தவாதம், தெருவில் இறங்குவதுதான் அரசியல்' என்று கூட்டங்களில் முழங்குகிற தோழர்கள் இருக்கிறார்கள். கை தட்டவும் ஆளிருக்கிறது. அவர்கள் மகாத் சவுதார் குளத்தின் மறுபாதிக் கதையைப் படிக்க வேண்டும். 1927 மார்ச்சில் அம்பேத்கர் அந்தக் குளத்தில் இறங்கித் தண்ணீர் குடித்ததை எல்லா மேடையிலும் சொல்கிறோம். அந்த வருசம் டிசம்பர் 12-ஆம் தேதி சாதி இந்துக்கள் அவர் மேலும் தோழர்கள் மேலும் மகாத் கோர்ட்டில் சிவில் வழக்குப் போட்டார்கள், இரண்டே நாளில் தடையுத்தரவு வாங்கினார்கள். டிசம்பர் 25 அன்று அதே ஊரில் மனுஸ்மிருதி கொளுத்தப்பட்டது. கொளுத்தியவர்கள் வழக்கைக் கைவிட்டுவிடவில்லை. கீழ்க்கோர்ட், அப்பீல், பம்பாய் உயர்நீதிமன்றம் என்று 1937 மார்ச் 17 வரைக்கும் நடத்தி ஜெயித்தார்கள். ஒன்பது வருசத்துக்கு மேல். தெருவில் கொளுத்திய நெருப்பும் கோர்ட்டில் தாக்கல் செய்த காகிதமும் ஒரே போராட்டம்தான். வழக்கை நாம் கைவிட்டால் எதிராளிக்குத் தெருவும் மிச்சம், குளமும் மிச்சம்.

சட்டத்துக்குள்ளேயே நாம் பிடித்துக்கொள்ளக் கொம்பு இல்லாமலும் இல்லை. ஹரியானாவில் அரசுப் பேருந்து மோதிச் செத்த ஒருவரின் மனைவியும் மகளும் நட்டஈடு கேட்டுப் போனார்கள். கோர்ட் கட்டணத்துக்கு வழியில்லை, ஏழையாக அனுமதியுங்கள் என்றார்கள். கொன்ற பேருந்தின் சொந்தக்காரரான அரசாங்கமே அதை எதிர்த்து உச்சநீதிமன்றம் வரை போனது. 1979-ல் நீதிபதி கிருஷ்ணய்யர் அரசாங்கத்தின் முகத்தில் அறைந்த மாதிரி அதைத் தள்ளினார். கட்டணத்தைக் காட்டி ஏழையை நீதிக்கு வெளியே நிறுத்தாதே என்பதுதான் அந்தத் தீர்ப்பின் சாரம். அதற்கும் முன்னால், 1962-ல், வறியவராக அனுமதி கேட்டு மனுக் கொடுத்த அந்த நொடியிலேயே வழக்குத் தொடங்கிவிடுகிறது என்று உச்சநீதிமன்றம் சொல்லியிருக்கிறது. இது நமக்கு மிக முக்கியம். மனு நிலுவையில் இருக்கும்போதே ஆள் செத்தாலும், "வழக்கே இன்னும் பிறக்கலையே, எதைத் தொடரப் போறீங்க" என்று கேட்கும் வக்கீலின் வாயை அடைக்க அது போதும்.

இன்னொரு கதவும் உண்டு. 1987-ல் நிறைவேறி 1995 நவம்பர் 9-ல் அமலுக்கு வந்த சட்டப்பணிகள் ஆணையச் சட்டத்தின் 12-ஆம் பிரிவைப் படியுங்கள். பட்டியல் சாதி, பழங்குடியினருக்கு இலவசச் சட்ட உதவி உரிமை. வருமான வரம்பு கிடையாது. பெண்களுக்கு உரிமை, அங்கே சாதியும் கேட்கக் கூடாது, வருமானமும் கேட்கக் கூடாது. தொழிற்சாலைத் தொழிலாளிக்கு உரிமை. பனியன் கம்பெனிக்குப் போகிற ஒரு சேரிப் பெண்ணுக்கு மூன்று வழியில் அந்தக் கதவு திறக்க வேண்டும். வழக்கில் முகாந்திரம் இருக்கிறதா என்று மட்டும் அவர்கள் பார்க்கலாம். சட்ட உதவி என்றால் வக்கீல் வைத்துக் கொடுப்பது மட்டுமில்லை; கோர்ட் கட்டணத்தைக் கட்டுவதும் அதில் சேரும் என்று 2010-ஆம் வருசத்து விதிமுறைகள் சொல்கின்றன. அதாவது ஆர்டர் 33 கேட்கிற ஏழைச் சான்று இங்கே வேண்டாம். வறுமை பரம்பரையாக வராது என்று சட்டம் அடம் பிடிக்கட்டும். சாதி பரம்பரையாக வரும் என்பதை அதுவே ஒப்புக்கொண்டிருக்கிறதே! அந்த வழியாகவே உள்ளே நுழைவோம். கிறித்தவத்துக்கும் இஸ்லாத்துக்கும் போன நம் சனத்தை 1950-ஆம் வருசத்துக் குடியரசுத் தலைவர் ஆணை பட்டியலுக்கு வெளியே நிறுத்தியிருக்கிறது என்பதையும் மறக்க வேண்டாம். அவர்கள் வீட்டு ஆம்பிளை வழக்குப் போட்டவர் என்றால் இந்தக் கதவு பாதிதான் திறக்கும்.

இத்தனை உரிமை ஏட்டில் இருந்தும் எத்தனை சேரிக்கு இது தெரியும்? வட்டச் சட்டப்பணிகள் குழு எந்தக் கட்டடத்தில் இருக்கிறது என்று இதைப் படிக்கிற எத்தனை தோழர்களுக்குத் தெரியும்?

நாம் கேட்க வேண்டியது மூன்று. ஒன்று: வறியவர் என்று ஒருவருக்கு அனுமதி கிடைத்திருந்தால், அல்லது அவர் மனு நிலுவையில் இருக்கும்போதே செத்திருந்தால், அவர் வாரிசுகளையும் வறியவர்களாகவே எடுத்துக்கொள்ள வேண்டும். இல்லை என்கிறவர்கள் நிரூபிக்கட்டும். நிரூபிக்கும் பாரத்தைச் சாவு வீட்டின் தலையில் ஏற்றக் கூடாது. இரண்டு: தீர்ப்பே வராமல் அற்றுப்போன வழக்குக்குச் செத்தவரின் சொத்திலிருந்து கட்டணம் பிடுங்கும் 11ஏ விதி போக வேண்டும். மூன்று: அவமானத்துக்கும் அடிக்கும் நட்டஈடு கேட்டுப் போட்ட வழக்கு ஆளோடு சாகும் என்கிற 306-ஆம் பிரிவின் விலக்கு, குறைந்தபட்சம் சாதியின் பேரால் நடந்த அவமானத்துக்கும் அடிக்குமாவது நீங்க வேண்டும்.

இவை வரும்வரை நாம் சும்மா இருக்க முடியாது. ஒவ்வொரு வளவிலும் யார் யார் வழக்குப் போட்டிருக்கிறார்கள், என்ன நம்பர், எந்தக் கோர்ட், அடுத்த வாய்தா எப்போது என்று ஒரு நோட்டுப் போட்டு எழுதி வையுங்கள். மாணவர்கள் இதைச் செய்யலாம்; கவிதை எழுதுகிறவர்களும் செய்யலாம், கை தேய்ந்துவிடாது. வழக்குப் போட்டவர் உயிரோடிருக்கும்போதே கட்டுகளின் நகலை வாங்கிப் பத்திரப்படுத்துங்கள். அவர் செத்துப்போனால் வாரிசுகளைச் சேர்க்கச் சட்டம் கொடுக்கிற காலம் தொண்ணூறு நாள். அது தவறினால் அற்றுப்போன வழக்கை எழுப்ப இன்னும் அறுபது நாள். அதற்குப் பிறகு ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும் காரணம் சொல்லி நிற்க வேண்டும். இறப்புச் சான்று, வாரிசுச் சான்று என்று தாசில்தார் ஆபீசில் அலைய விடுவதிலேயே அந்தத் தொண்ணூறு நாளில் பாதி போய்விடும் என்பது உங்களுக்கே தெரியும்.

எனவே நம் சனத்தில் ஒருவர் வழக்கோடு செத்தால், கருமாதிக்குப் பந்தல் போடும்போதே நாளை எண்ணத் தொடங்குங்கள்.